மேல்நிலைத் தொட்டி மகாராஜா

ஆக்லாந்து விமான நிலையத்தில் என் பெட்டியைத் திறந்த அதிகாரி அம்மாள், மேலே இருந்த முறுக்கையும் எலுமிச்சை ஊறுகாயையும் ஒதுக்கிவிட்டு, அடியிலிருந்து ஐந்து பொன்னாடைகளை எடுத்து மேஜைமேல் பரப்பினார்.

"இதெல்லாம் எதற்கு?"

"மனிதர்கள் மேல் போர்த்த."

"குளிருக்கா?"

"இல்லை, மரியாதைக்கு."

ஒன்றைப் பிரித்து வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். "உங்கள் மரியாதையில் விதை, மண், மரத்தூள் ஏதாவது உண்டா?" இல்லை என்று தலையை ஆட்டினேன். நம் ஊர்த் தலையாட்டல் எந்தப் பக்கம் போகிறது என்று அவருக்குப் பிடிபடவில்லை; இன்னொரு அதிகாரியைக் கூப்பிட்டார். ஊறுகாய் ஐந்து நிமிடத்தில் விடுதலையானது. பொன்னாடைக்கு அரை மணி நேரம்.

திருச்சியில் எங்கள் காலனியின் குடியிருப்போர் நலச் சங்கத்துக்கு ஒன்பது வருடமாக நான்தான் செயலாளர். வேறு யாரும் வர மாட்டேன் என்று ஒருமனதாகச் சொல்லிவிட்டதால் கிடைத்த பதவி. டிரான்ஸ்ஃபார்மர் பார்க்க வந்த லைன்மேனிலிருந்து கொசு மருந்து அடிக்க வந்தவர் வரைக்கும் என் கையால் பொன்னாடை வாங்காதவர்கள் குறைவு. யாராவது எதையாவது உருப்படியாகச் செய்துவிட்டால் எனக்குக் கை அரிக்கும்.

இன்னொரு பொறுப்பு, சங்கத்தின் வாட்ஸ்அப் குழு. காலை ஐந்தரைக்கு ரோஜாப்பூவோடு வணக்கம், அதன் பின்னால் எனக்கு வந்து சேர்ந்தவை அத்தனையும். உண்மையா பொய்யா என்று பார்த்ததில்லை. தபால்காரர் கடிதத்தைப் பிரித்துப் படிக்கிறாரா என்ன? ஒருமுறை, ரப்பர் பந்து மாதிரி துள்ளும் முட்டை வீடியோ வந்தது. 'நம்ம ஏரியாவிலேயே விற்கிறார்கள், உஷார்' என்று மேலே யாரோ எழுதியிருந்தார்கள். அனுப்பினேன். எங்கள் ஏரியாவில் முட்டைக் கடை ஒன்றே ஒன்று, காலனியின் பின்வாசலில் இருக்கும் காதர் பாய் கடை. இரண்டு மாதம் அந்தப் பக்கம் ஒருவரும் போகவில்லை. அந்த முட்டை யாரோ எங்கோ வேடிக்கைக்குச் செய்த வித்தை என்று பிறகு தெரிந்தது. மறுநாள் காலை இஞ்சியின் மருத்துவ குணங்களை அனுப்பி விஷயத்தைக் கடந்துவிட்டேன். அதிலிருந்து முட்டை வாங்க மட்டும் மனைவியை அனுப்புவது வழக்கம்.

ஆக்லாந்துக்கு வந்த காரியம், தங்கை மல்லிகாவின் இருபத்தைந்தாம் கல்யாண நாள். பிளாக்ஹவுஸ் பேயில் வீடு. மாப்பிள்ளை ஜெயசீலன் யாழ்ப்பாணத்துக்காரர், எல்லர்ஸ்லியில் ஓர் அலுவலகத்தில் கணக்காளர். இருபத்தைந்து வருடத்தில் தங்கையின் தமிழ் இரண்டு பக்கமும் சாய்ந்துவிட்டது. சந்தோஷமாக இருந்தால் 'ஓம்', எரிச்சலாக இருந்தால் 'ஆமா'. திட்டுவதற்கு மட்டும் கலப்படமில்லாத திருச்சி. வெளியூரில் படிக்கும் தங்கை மகளின் அறையை எனக்குக் கொடுத்தார்கள். ஒற்றைக் கொம்புக் குதிரை பொம்மைகள் பதினான்குக்கு நடுவில் படுத்தேன்.

முதல் நாள் ஜெயசீலன் எட்டிப் பார்த்தார். "மச்சான், குளிருதோ? ஹீட் பம்ப்பைப் போட்டுவிடட்டே?"

"வேண்டாம் மாப்ளே, குல்லா இருக்கு."

"குல்லாவோட சேர்த்து மூண்டு போர்வையும் இருக்கு. போட்டுவிடுறன்."

இரண்டாம் நாள் மதியம் மல்லிகா சமையலறை ஜன்னலைத் திறந்து, பக்கத்து வீட்டைப் பார்த்துக் கையை ஆட்டினாள். அங்கேயும் ஒரு கை ஆடியது. உடனே இரண்டு வீட்டிலும் ஒரே நேரத்தில் கருவாடு எண்ணெயில் விழுந்தது.

"இது என்ன ராணுவ நடவடிக்கையா?" என்றேன்.

"தெருவில யாராச்சும் நாத்தம்னு கம்ப்ளெயின்ட் பண்ணா எந்த வீடுன்னு கண்டுபிடிக்கக் கூடாது, அண்ணே. புதன்கிழமைதோறும் சேர்ந்துதான் பொரிப்போம்."

பக்கத்து வீட்டுக் கை நெனிதாவுடையது. பிலிப்பைன்ஸ்காரி, முதியோர் இல்லத்தில் வேலை. கணவன் பொயெட், கட்டடங்களுக்குச் சாரம் கட்டுகிறவன். இருவரும் என்னைப் பார்த்த கணத்திலிருந்து 'கூயா' என்றார்கள். அண்ணன் என்று அர்த்தமாம். நெனிதா பேசியது ஆங்கிலம். நான் எழுதுவது என் காதில் விழுந்த தமிழ்.

வியாழக்கிழமை அவர்கள் வீட்டில் சாப்பாடு. சினிகாங் என்று ஒரு குழம்பு. மூடியைத் திறந்ததும் நாக்கு எழுந்து நின்றது. புளி! ரசத்துக்குள் இறாலும் முள்ளங்கியும் தவறி விழுந்த மாதிரி. எங்கே வாங்கிய புளி என்றால், மல்லிகா வாங்கும் அதே கடை. மூன்று வேளையும் சோறு, கருவாடு, புளி, அண்ணனுக்கு மரியாதை. இவர்களுக்கும் நமக்கும் நடுவில் எதற்கு இத்தனை கடல் என்று தோன்றியது.

மூன்றாவது தட்டு சோற்றின்போது பொயெட் என் மூக்கையும் மீசையையும் வெகுநேரம் பார்த்தான். "கூயா, ஞாயிற்றுக்கிழமை நடிக்கிறீங்களா?"

வாரநாளில் சாரம், ஞாயிறு என்றால் பொயெட் டைரக்டர். பிலிப்பைன்ஸில் அவன் இணையப் பக்கத்தைப் பார்க்க ஏகப்பட்ட பேர். கதை எப்போதும் ஒன்றுதான். கந்தலில் ஒரு கிழவர் மயங்கிக் கிடப்பார், எல்லோரும் தாண்டிப் போவார்கள். ஒரு பெண் மட்டும் சோறு கொடுப்பாள். கடைசியில் கிழவர் கோட்டுப் போட்டுக்கொண்டு வந்து, தான் ஒரு பெரிய பணக்காரர் என்று சொல்லிப் பரிசு கொடுப்பார். "இரண்டாவது நிமிஷத்துல ஜனங்க அழுவாங்க, கூயா. நான் கணக்குப் பார்த்திருக்கேன்." அந்த நல்ல பெண் எல்லாப் படத்திலும் நெனிதாதான். கிழவர் கிடைப்பதுதான் கஷ்டமாம்.

"எனக்கு ஐம்பத்தாறுதான்" என்றேன்.

"மேக்கப்பே வேண்டாம்" என்றான்.

ஞாயிற்றுக்கிழமை நான் தனியாகப் பேருந்தில் நியூ லின் புறப்பட்டேன். ஜெயசீலனின் கல்யாணக் கோட்டு கையில், ஒரு பொன்னாடை பையில். இங்கே இறங்கும்போது டிரைவருக்கு நன்றி சொல்வது வழக்கம். எனக்கு இது மிகவும் பிடித்துப்போய், முன்கூட்டியே எழுந்து நின்று ஒத்திகை பார்த்தேன். சத்தம் அதிகமாகிவிட்டது. டிரைவர் வண்டியை நிறுத்திக் கதவைத் திறந்தார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நன்றி சொன்ன பிறகு இறங்காமல் எப்படி உட்காருவது? இறங்கிவிட்டேன். இரண்டு நிறுத்தம் மழையில் நடந்து போய்ச் சேர்ந்தபோது, மேக்கப் தேவையில்லை என்று பொயெட் சொன்னது முழு உண்மையாகியிருந்தது.

ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் என்னைப் படுக்க வைத்தார்கள். யாரும் உதவாமல் தாண்டிப் போக வேண்டும், அதுதான் காட்சி. நியூ லின் ஒத்துழைக்கவில்லை. முதல் முயற்சியில் சைக்கிளில் வந்த ஒருவர் இறங்கி என் நாடியைப் பிடித்தார். இரண்டாவதில் ஒரு பெரியம்மா மாமிசம் அடைத்த, 'பை' என்கிற சூடான பலகாரம் இரண்டை என் கையில் திணித்து, "சாப்பிடு ராஜா" என்று முதுகைத் தட்டினார். மூன்றாவதில் ஆம்புலன்ஸைக் கூப்பிடப் போனார்கள். பொயெட் ஓடிப்போய்த் தடுத்தான்.

"கூயா, கொஞ்சம் பசியில்லாத மாதிரி படுங்க!"

"ரெண்டு பை சாப்பிட்டாச்சு, தம்பி. நிஜமாவே பசியில்லை."

கடைசியில் பொயெட்டின் சாரக்கட்டு நண்பர்கள் நான்கு பேரைக் கல்நெஞ்சர்களாக நடக்க விட்டு எடுத்தோம்.

அடுத்து, பணக்காரக் காட்சி. கோட்டைப் போட்டேன். தங்கை வீட்டிலிருந்து நான் கொண்டுவந்திருந்த துண்டைப் பொயெட் என் தலையில் கட்டினான். பணக்காரரைவிட மகாராஜா நன்றாக இருக்கும் என்று அங்கேயே பதவி உயர்வு கொடுத்தான். "உங்க பாஷையில ஏதாவது கம்பீரமா பேசுங்க. என்ன வேணாலும் சொல்லுங்க, யாருக்கும் புரியாது."

கம்பீரமாக எனக்கு ஒன்றுதான் வரும். ஒன்பது வருட அனுபவம். மார்பை நிமிர்த்தினேன்.

"காலனிவாசிகளின் கனிவான கவனத்திற்கு! வருகிற செவ்வாய்க்கிழமை மேல்நிலைத் தொட்டி சுத்தம் செய்யப்படுவதால் காலை ஆறு மணி முதல் தண்ணீர் வராது. தேவையான அளவு பிடித்து வைத்துக்கொள்ளுமாறு அன்புடன் கேட்டுக்கொள்கிறோம்!"

நெனிதாவின் கண் கலங்கிவிட்டது. நடிப்புக்குத்தான், ஆனாலும் எனக்குக் கை அரித்தது. கதையில் கைகுலுக்கல்தான் இருந்தது. நான் பையிலிருந்து பொன்னாடையை எடுத்து உதறி, அவள் தோளில் போர்த்திவிட்டேன். "கட்!" என்று கத்த பொயெட்டுக்கு மனம் வரவில்லை.

அடுத்த புதன்கிழமை மல்லிகா ஜன்னலில் கையை ஆட்டினாள். பதில் கை ஆடவில்லை. கருவாடு எங்கள் வீட்டில் மட்டும் தனியாகப் பொரிந்தது. சற்று நேரத்தில் நெனிதா பின்வாசலில் நின்றாள். கையில் போன், முகம் வெளுத்திருந்தது.

"கூயா, இதைப் பாருங்க."

பொயெட்டின் படத்திலிருந்து பதினோரு வினாடியை மட்டும் யாரோ வெட்டி எடுத்திருந்தார்கள். நான் கோட்டும் தலைப்பாகையுமாக முழங்குகிறேன், பொன்னாடை போர்த்துகிறேன். கீழே அவர்கள் மொழியில் எழுத்து ஓடுகிறது.

"என்ன போட்டிருக்கு?"

நெனிதா படித்துச் சொன்னாள். "'உங்கள் கடற்கரை முழுவதையும் நான் வாங்கிவிட்டேன். ஹோட்டல் வருகிறது. மீனவர்கள் செவ்வாய்க்கிழமைக்குள் காலி செய்யவும். உதவி செய்த இந்தப் பெண்ணுக்கு என் பட்டு.'"

"நான் தண்ணித் தொட்டியைப் பத்தில்ல சொன்னேன்!"

"அது இங்க இருக்கிற நமக்குத் தெரியும், கூயா."

அவளுக்கு ஊரில் ஓர் அக்கா, ரோசலி. ஒரு வயதுதான் மூப்பு. புகைப்படத்தைக் காட்டினாள், நெனிதாவேதான். கடலோரச் சிற்றூர் ஒன்றில் சொந்தமாகச் சின்னப் பிரசவ நிலையம் வைத்திருக்கும் மருத்துவச்சி. ஊர் மன்றத்துக்கு எட்டுப் பேரைத் தேர்ந்தெடுக்கும் தேர்தலில் நிற்கிறாள். ஓட்டுப்பதிவு வரும் திங்கட்கிழமை. பொன்னாடையில் இருப்பது ரோசலி என்று ஊரே நம்பிவிட்டது.

"ஓட்டுப் போனா போகட்டும் கூயா, அக்காவே அப்படித்தான் சொல்றா. ஆனா…"

ஆனால் என்ன என்பதை ரோசலியே சொன்னாள். நெனிதா அழைத்துக் கொடுத்தாள். திரையில் ஒரு பெஞ்சு தெரிந்தது, காலியாக. "செவ்வாய்க்கிழமை இந்த பெஞ்சுல இருபது கர்ப்பிணிங்க உட்காருவாங்க. நேத்து நாலு பேர்தான். மீனவர் வீட்டுப் பொண்ணுங்க ஒருத்தியும் வரலை. அனலின்னு ஒருத்தி, எட்டு மாசம், பிரஷர் ஏறிக்கிட்டே இருக்கு. வாரா வாரம் பார்க்கணும். வீட்டுக்குப் போனேன். மாமியார் கதவைத் திறக்கலை."

"வேற இடத்துக்குப் போவாங்களா?"

"பக்கத்துல வேற இடமே இல்லை."

நானும் பிரஷர் மாத்திரை போடுகிறவன். எனக்கு ஏனோ காதர் பாய் கடை வாசலில் ஆள் உயரத்துக்கு அடுக்கியிருந்த முட்டைத் தட்டுகள் கண்ணில் வந்தன.

ஜெயசீலன் அலுவலகத்திலிருந்து வந்ததும் வீடியோவை நான்கு முறை பார்த்தார். "மச்சான், நீங்கள் வந்து ரெண்டு கிழமை ஆகேல்லை. அதுக்குள்ள ஒரு ஊரையே வாங்கிப்போட்டியள்."

"சிரிக்காதீங்க மாப்ளே. அந்நிய நாட்டுத் தேர்தல்ல தலையீடு. விசிட்டர் விசாவுல வந்தவன். என்ன பண்ணுவாங்க?"

"என்ர கல்யாணக் கோட்டையும் சாட்சிக்குப் பிடிச்சுக்கொண்டு போவாங்கள். அதுதான் என்ர கவலை."

மனிதர் விளையாட்டாகச் சொன்னார். நான் அப்படி எடுத்துக்கொள்ளவில்லை. போனை அணைத்து அரிசி வாளிக்குள் புதைத்தேன். ஒரு பையில் ஸ்வெட்டர், மாத்திரை, முறுக்கு, சுருக்கமாக ஒரு லாக்கப் சாமான் தயார் செய்தேன். வானத்தில் ஹெலிகாப்டர் சத்தம் கேட்டால் துணி துவைக்கும் அறைக்குள் போய்விடுவேன். ஆக்லாந்தில் ஹெலிகாப்டர் இத்தனை முறை பறக்கும் என்று அதற்கு முன்னால் நான் கவனித்ததில்லை.

வியாழன் காலை, வீட்டில் நான் மட்டும். கதவு தட்டப்பட்டது. கறுப்புக் கோட்டில் இரண்டு பேர், கழுத்தில் அடையாள அட்டை, கையில் கோப்பு.

"இந்த வீட்டுக்கு நீங்கள்தான் பொறுப்பா?"

அவ்வளவுதான், உடைந்துவிட்டேன். உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்து எல்லாவற்றையும் சொன்னேன். நான் மன்னன் இல்லை, செயலாளர். கடற்கரை எதுவும் வாங்கவில்லை. தொட்டியில் பாசி பிடித்திருந்தது. துண்டு தங்கை வீட்டுத் துண்டு. இருவரும் மிகுந்த மரியாதையோடு கேட்டுக்கொண்டார்கள். ஒருவர் கோப்பைத் திறந்து, "இங்கே ஒரு கையெழுத்து" என்றார். வாக்குமூலம்தான் என்று போட்டேன். என்னைக் கைது செய்யாமலே எழுந்தபோது நெகிழ்ந்துபோய், இளையவருக்கு ஒரு பொன்னாடை போர்த்தினேன்.

மாலையில் ஜெயசீலன் அந்தத் தாளைப் படித்தார். படித்துக்கொண்டே சுவரோரம் சாய்ந்தார். "மச்சான், இது இன்டர்நெட் கனெக்‌ஷன். ரெண்டு வருசத்துக்கு எழுதிக் குடுத்திருக்கிறியள்."

வெள்ளிக்கிழமை பொயெட் மறுப்பு வீடியோ எடுக்க வந்தான். பாவம், அவனும் தூங்கியிருக்கவில்லை. ஆனால் கேமராவைக் கையில் எடுத்ததும் டைரக்டர் புத்தி வந்துவிட்டது. "கூயா, முட்டி போடுங்க. கண்ணுல கொஞ்சம் தண்ணி. நான் பின்னாடி பியானோ போட்டுக்கறேன்." முட்டி போட்டேன். மூன்று டேக். மூன்றாவதில் முட்டி வலியால் நிஜக் கண்ணீரே வந்தது.

ஒரு மணி நேரத்தில் பதில்கள் குவிந்தன. நெனிதா வாசித்தாள். "'நல்ல நடிகர்.' 'அரசர் அழ மாட்டார், இது டூப்பு.' 'இவர் போன வாரம் பிச்சைக்காரராக வந்தவர்தானே?' 'கம்ப்யூட்டரில் செய்த முகம், காதைப் பாருங்கள்.'"

"என் காதுக்கு என்ன?"

"காது நல்லாத்தான் இருக்கு, கூயா" என்றாள் நெனிதா. பிறகு கணவனைப் பார்த்தாள். "எல்லாத்துலயும் பியானோ போட்டா எதை நம்புவாங்க?" பொயெட் கேமராவை உறையில் போட்டான்.

சனிக்கிழமை ரோசலியின் கடைசிக் கூட்டம், கூரை போட்ட கூடைப்பந்து மைதானத்தில். அங்கே காலை ஒன்பது, இங்கே மதியம் ஒன்று. நான் நேரலையில் பேசுவது என்று முடிவாயிற்று. இடம், மல்லிகாவின் சமையலறை மேஜை. வீட்டை விட்டு வெளியே வர நான் தயாராக இல்லை. தங்கையும் மாப்பிள்ளையும் விழாவுக்குச் சாமான் வாங்கப் போயிருந்தார்கள். அதே ஆள்தான் என்று காட்ட அதே கோட்டு, அதே துண்டு. அந்தப் பக்கம் ஒரு வெள்ளைப் போர்வையில் என் முகம் ஆறடிக்குத் தெரிகிறதாம். நெனிதா பக்கத்தில் உட்கார்ந்து இரண்டு பக்கமும் மொழிபெயர்த்தாள்.

"நான் மன்னன் இல்லை" என்று ஆரம்பித்தேன்.

பின்வரிசையில் ஒரு குரல். "மன்னர்கள் அப்படித்தான் சொல்வார்கள்!"

"நான் நடிகன் இல்லை."

"நடிகர்களும் அப்படித்தான் சொல்வார்கள்!"

"இது பொம்மை! விரலை எண்ணுங்க!" என்று இன்னொருவர். கம்ப்யூட்டர் பொம்மைக்கு விரல் கூடக் குறைய இருக்குமாம். இரண்டு கையையும் தூக்கினேன். ஊரே சேர்ந்து சத்தமாக எண்ணியது. பத்து. பிறகு அதே ஆள், "இடது கட்டைவிரலைப் பாருங்க, கோணல்!" என்றார். ஆறாம் வகுப்பில் கதவிடுக்கில் நசுங்கிய விரல். அதை விளக்க ஆரம்பித்தேன். நெனிதா மொழிபெயர்க்க, மைதானத்தில் கூச்சல் ஏறியது. முன்வரிசைப் பெண்கள் சிலர் எழுந்து போகத் தொடங்கினார்கள். திரையோரத்தில் ரோசலி கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். எனக்கு வேர்த்து வழிந்தது.

அப்போது முன்கதவு திறந்தது.

"அண்ணே! என்ன கருகுது?"

நேரலைப் பதற்றத்தில் அடுப்பில் ரசத்தை மறந்திருந்தேன். மல்லிகா இரண்டு கையிலும் பைகளோடு புகுந்தாள். போன் நிற்பதை அவள் பார்க்கவே இல்லை.

"ரசத்தைக்கூட ஒழுங்கா சுட வைக்கத் தெரியாதா உனக்கு? வந்த நாள்லேருந்து ஒரு டம்ளர் கழுவியிருக்கியா? நேத்து மீன் சட்டியைத் தேய்ச்சு வைன்னு எத்தனை தடவை சொன்னேன்? ஐயோ, அவரு கல்யாணக் கோட்டு! அதுல மஞ்சக் கறை வேற! கழட்டு! தலையில என்ன, என் பாத்திரம் துடைக்கிற துண்டா?"

"மல்லி, ஒரு நிமிஷம்…"

"என்ன ஒரு நிமிஷம்? பெரிய மகாராஜா பாரு! எடு அந்த நாரை!"

அவள் பேச ஆரம்பித்த நாளிலிருந்து எனக்கு வேறு வழி தெரியாது. எழுந்தேன். கோட்டைக் கழற்றினேன். மீன் சட்டியையும் நாரையும் எடுத்துக்கொண்டு தொட்டியில் தேய்க்க ஆரம்பித்தேன். மல்லிகா பின்னாலிருந்து, "அடிப்பக்கம் தேய், அடிப்பக்கம்!" என்றாள்.

போனிலிருந்து ஒரு சத்தம் வந்தது. கூச்சல் என்று நினைத்தேன். சிரிப்பு. மைதானமே சிரித்துக்கொண்டிருந்தது. வருடக்கணக்காக ஜன்னல் வழியே கேட்டுப் பழகிய திட்டு என்பதால் நெனிதா மூச்சு விடாமல் மொழிபெயர்த்துக்கொண்டிருந்தாள்; நார், சட்டி, துண்டு எதையும் விடவில்லை. ஒரு பெண் குரல் கேட்டது: "அது யாரு, ராணியா?"

"தங்கச்சி!" என்றாள் நெனிதா.

இன்னும் பெரிய சிரிப்பு. பல் இல்லாத ஓர் அம்மாள் ஒலிபெருக்கியைப் பிடுங்கிக்கொண்டார். "இவன் ராஜா இல்லை. எங்க வீட்டுலயும் இப்படி ஒரு அண்ணன் இருந்தான். இதே மாதிரிதான் தேய்ப்பான். அடிப்பக்கம் தேய்க்கவே மாட்டான்."

அதன் பிறகுதான் மல்லிகா போனைப் பார்த்தாள். "அண்ணே, யாரு இவங்கல்லாம்?"

"பிலிப்பைன்ஸ், மல்லி. எல்லாருக்கும் வணக்கம் சொல்லு."

முந்தானையைச் சரிசெய்துகொண்டு வணக்கம் சொன்னாள். மைதானம் திரும்பக் கும்பிட்டது.

எல்லாம் சரியாகிவிட்டது என்று எழுத ஆசைதான். மறுநாளே புதுப் பதினோரு வினாடி வந்தது: 'மன்னரின் பணியாள் சமையலறையில் சித்திரவதை.' திங்கட்கிழமை ஓட்டுப்பதிவு. எட்டுப் பேரில் ரோசலி இல்லை. ஒன்பதாவதாக வந்தாள்.

செவ்வாய்க்கிழமை மாலை நெனிதா வந்தாள். அழுது முடித்த முகம். போனை நீட்டினாள். அதே பெஞ்சு. எண்ணினேன், பதினான்கு வயிறுகள். ஓரத்தில் ஒரு சின்னப் பெண், கையில் பிரஷர் பார்க்கும் பட்டை, பக்கத்தில் உர்ரென்று ஒரு மாமியார்.

"அனலின். மாமியாரே கூட்டிட்டு வந்துட்டாங்க" என்றாள் நெனிதா. "பிரஷர் கூடத்தான் இருக்காம், அக்கா நாளைக்கே பெரிய ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போறா. அந்த மாமியார் வந்ததும் என்ன கேட்டாங்க தெரியுமா? 'அந்தச் சட்டி சுத்தமாச்சா?'"

அடுத்த நாள், புதன்கிழமை, மல்லிகா ஜன்னலில் கையை ஆட்டினாள். பதில் கை ஆடியது. இரண்டு வீட்டுக் கருவாட்டு வாசனையும் சேர்ந்து தெருவில் இறங்கியது.

விழா நன்றாக நடந்தது. தங்கைக்கும் மாப்பிள்ளைக்கும் பொன்னாடை போர்த்தினேன். கறை போகாத கோட்டின் மேல் அது கச்சிதமாக உட்கார்ந்தது. பொயெட் வீடியோ எடுக்கவில்லை, சாப்பாடு பரிமாறினான். நான் கிளம்பும் நாளில் இன்டர்நெட் பொருத்த ஆள் வந்துவிட்டார். ஜெயசீலன் அவரையும் என்னையும் மாறி மாறிப் பார்த்து, "அடுத்தமுறை வரேக்க மச்சான், கதவை நான் திறக்கிறன்" என்றார்.

போனை அரிசியிலிருந்து தோண்டி எடுத்திருந்தேன். ஆனால் திருச்சி வரும்வரை உயிர் கொடுக்கவில்லை. காலனி வாசலில் இறங்கியதும் வாட்ச்மேன் முறைத்தார். முதல் மாடி அம்மாள் பால்கனியிலிருந்து, "ஏன் சார், போன செவ்வாய்க்கிழமை தொட்டி கழுவவே இல்லையே! வீடு பூரா குடமும் அண்டாவுமா வச்சிக்கிட்டு உட்கார்ந்திருந்தோம்!" என்றார்.

அந்தப் பதினோரு வினாடி எப்படியோ சுற்றி எங்கள் குழுவுக்கும் வந்திருக்கிறது. கீழே ஓடிய எழுத்து யாருக்கும் புரியவில்லை. நான் சொன்னது மட்டும் தெளிவாகக் கேட்டிருக்கிறது. நாற்பத்தெட்டு வீட்டிலும் தண்ணீர் பிடித்து வைத்துவிட்டார்கள். தலைப்பாகையைப் பற்றி ஒருவரும் ஒரு கேள்வி கேட்கவில்லையாம்.

மறுநாள் காலை நான் ரோஜாப்பூ அனுப்பவில்லை. மிச்சமிருந்த ஒரே பொன்னாடையைப் பையில் வைத்துக்கொண்டு, நானே முட்டை வாங்கப் போனேன்.

காதர் பாய் என்னைப் பார்த்ததும் தட்டிலிருந்து எண்ண ஆரம்பித்தார். "வாங்க சார். ரொம்ப நாளாச்சு."

"பாய், செவ்வாய்க்கிழமை நீங்களும் தண்ணி பிடிச்சு வச்சீங்களா?"

"இல்லைங்க சார். வீடியோவைப் பார்த்தேன். வாட்ச்மேன்கிட்டப் போய்க் கேட்டேன், அப்படி ஒண்ணும் இல்லேன்னாரு. விட்டுட்டேன்." ஒவ்வொரு முட்டையாக வெளிச்சத்தில் காட்டிப் பைக்குள் வைத்தார். "நீங்க எதாவது அனுப்பிச்சா நான் ஒரு தடவை போய்க் கேட்டுக்கறது வழக்கம் சார்."

சொல்லவேண்டியதை விமானத்தில் பக்கம் பக்கமாக யோசித்து வைத்திருந்தேன். அந்த முட்டை வீடியோவை அனுப்பியது நான்தான், மன்னிச்சிடுங்க பாய், என்று மட்டும்தான் வாயில் வந்தது. அவர் தலையை ஆட்டினார். அது எந்தப் பக்கத்து ஆட்டல் என்று எனக்கும் பிடிபடவில்லை.

பையிலிருந்து பொன்னாடையை எடுத்து உறையைப் பிரித்தேன்.

காதர் பாய் தெருவை இரண்டு பக்கமும் பார்த்தார். "உள்ள வைங்க சார்" என்றார். "யாராச்சும் வீடியோ எடுத்துடப் போறாங்க."